இசைக்கு மொழி இல்லை என்போருக்கு: ஜோ ஹிசைஷியை முன்வைத்து ஒரு மறுப்பு

ஜோ ஹிசைஷியைப் பற்றிய பேச்சு இந்தியப் பல்கலைக்கழகங்களில் பெரும்பாலும் ஒரே வாக்கியத்தில் போய் முடிகிறது: இசைக்கு மொழி கிடையாது. கருத்தரங்கில் கட்டுரை வாசிப்பவர் அதைச் சொல்கிறார். அமர்வுத் தலைவர் தலையசைக்கிறார். கேள்வி நேரம் கைதட்டலோடு நிறைவுறுகிறது. 2020 பிப்ரவரியில் நெட்ஃபிளிக்ஸ் தளம் ஸ்டுடியோ ஜிப்லியின் படங்களை இந்தியா உள்ளிட்ட நாடுகளில் வெளியிடத் தொடங்கியது. அதன்பின் அப்படங்களைப் பொருளாகக் கொண்ட முதுகலைத் திட்டக்கட்டுரைகளும் ஆய்வு முன்மொழிவுகளும் துறைதோறும் எழுதப்படுகின்றன. அவற்றில் இசைக்கென ஒதுக்கப்படும் ஓர் இயலிலோ ஒற்றைப் பத்தியிலோ இந்த வாக்கியம் தவறாமல் வந்து அமர்ந்துகொள்கிறது.

கேட்பதற்கு இது பாராட்டு. ஆய்வில் இதன் வேலை வேறு. ஜப்பானியம் கற்க வேண்டியதில்லை, அந்நாட்டின் இசை வரலாற்றைப் படிக்க வேண்டியதில்லை, படத்தின் எந்தப் பதிப்பைப் பார்த்தோம் என்று குறிப்பிடக்கூட வேண்டியதில்லை என்று ஆய்வாளர் தமக்குத் தாமே வழங்கிக்கொள்ளும் விலக்குச் சீட்டு அது. அந்தச் சீட்டைக் கிழித்துப் போடுவதற்கான சான்றுகள் ஹிசைஷியின் தொழில்வாழ்விலேயே நிறைந்து கிடக்கின்றன.

முதற்சான்று 'லபூட்டா: வானத்துக் கோட்டை'. ஹயாவோ மியாசாகி இயக்கி 1986இல் வெளிவந்த இப்படம் 124 நிமிடங்கள் ஓடுவது. அதில் இசை ஒலிப்பது ஏறத்தாழ ஒரு மணி நேரம்தான். ஏழெட்டு நிமிடங்கள் இசையே இல்லாமல் நகரும் பகுதிகளும் உண்டு. 1990களின் இறுதியில் டிஸ்னி நிறுவனம் இதன் ஆங்கிலப் பதிப்பைத் தயாரித்தபோது, வசனம் மாறினால் மட்டும் போதாது, இசையும் மாற வேண்டும் என்று முடிவாயிற்று. மூன்று நிமிடங்களுக்கு மேல் இசை இல்லாவிட்டால் ஜப்பானியர் அல்லாத பார்வையாளர்கள் நிலைகொள்ளாமல் போவார்கள் என்பதே அங்கிருந்து கூறப்பட்ட காரணம் என்று ஹிசைஷி தெரிவித்திருக்கிறார். 1999இல் அவரே அப்படத்திற்கு மீண்டும் இசை எழுதினார். பழைய மெட்டுகள் இருந்தன. ஆனால் அவற்றைச் சுமந்தது பெரிய இசைக்குழு. மௌனமாக இருந்த பல காட்சிகள் இசையால் நிரம்பின.

இசைக்கு மொழி இல்லை என்றால், இங்கே மொழிபெயர்க்கப்பட்டது எது? ஒரே இசையமைப்பாளர், ஒரே படம், ஒரே மெட்டுகள். கேட்பவர் மாறியதால் பனுவல் மாறியிருக்கிறது. மொழியியலில் இதற்கு வேறு பெயர் தேட வேண்டியதில்லை.

'கிகியின் விநியோகச் சேவை' 1989இல் வந்தது. அதன் 1998ஆம் ஆண்டு ஆங்கிலப் பதிப்பில் மௌனமான இடங்களை நிரப்பப் பால் சிஹாரா என்ற வேறோர் இசையமைப்பாளரின் இசை சேர்க்கப்பட்டது. சிட்னி ஃபாரஸ்டின் ஆங்கிலப் பாடல்கள் நுழைந்தன. கிகியின் பூனை ஜிஜிக்கு மூலத்தில் இல்லாத வசனங்கள் தரப்பட்டன. மூலப்படத்தில் சிறுமி கிகி தன் ஆற்றலை இழக்கும்போது பூனையின் பேச்சு அவளுக்குப் புரியாமல் போகிறது. ஆற்றல் திரும்பிய பின்னும் அப்பூனை வெறுமனே 'மியாவ்' என்கிறது. குழந்தைப்பருவம் கடந்துவிட்டது என்பதைப் படம் அந்த ஓர் ஒலியால் சொல்கிறது. ஆங்கிலப் பதிப்பிலோ பூனை இறுதியில் மீண்டும் பேசுகிறது. கதை முடிவின் பொருளே தலைகீழாகிவிடுகிறது. இரண்டு படங்களிலும் பின்னாளில் வந்த பதிப்புகள் சில மூல இசைக்குத் திரும்பின என்பதையும் சேர்த்துக்கொண்டால் நிலைமை இன்னும் சிக்கலாகும். 'ஜிப்லி படங்களில் மௌனம்' என்று தலைப்பிட்டு ஆய்வேடு எழுதுபவர், தாம் பார்த்தது எந்த ஆண்டின் எந்தப் பதிப்பு என்று முதல் பக்கத்திலேயே சொல்லியாக வேண்டும். சொல்பவர் அரிது.

இங்கே இன்னொரு மறைகுழியும் இருக்கிறது. பொதுமொழிக் கொள்கையைக் கைவிடுவோர் பலர் நேராக அதன் மறுகோடிக்கு ஓடுகிறார்கள். மௌனம் ஜப்பானிய ஆன்மா, இடைவெளி ஜென் தத்துவம் என்று எழுதத் தொடங்கிவிடுகிறார்கள். இதுவும் உழைப்பைத் தவிர்க்கும் உபாயமே. ஜப்பானியத் தொலைக்காட்சி அனிமேஷன் தொடர்களில் இசை ஓயாமல் ஒலிப்பதை எவரும் கேட்கலாம். ஆங்கே ஆன்மா எங்கே போயிற்று? 'லபூட்டா'வின் மௌனம் அதை இயக்கியவரும் தயாரித்தவரும் இசையமைத்தவரும் எடுத்த முடிவுகளின் விளைவு. 'நவுசிகா' (1984), 'லபூட்டா' இரண்டுக்கும் தயாரிப்பாளர் இசாவோ தகஹாத்தா. இசையில் ஆழ்ந்த புலமையுடைய அவர் அம்முடிவுகளில் பங்கெடுத்தவர். ஒரு தேசத்தின் இயல்பு என்று பொதுமைப்படுத்தும்போது இத்தனை பேரின் உழைப்பும் தேர்வும் காணாமற்போகின்றன.

ஹிசைஷி என்ற பெயரிலிருந்தே தொடங்கியிருக்கலாம். அவருடைய இயற்பெயர் மமோரு ஃபுஜிசாவா. 1950 டிசம்பர் 6 அன்று நாகானோ மாகாணத்தில் பிறந்தவர். அமெரிக்க இசையமைப்பாளர் குவின்சி ஜோன்ஸின் பெயரை ஜப்பானிய எழுத்துகளுக்குள் கொண்டுவந்து அவர் புனைபெயர் சூட்டிக்கொண்டார். குடும்பப்பெயருக்குத் தேர்ந்த இரண்டு சித்திர எழுத்துகளைக் 'குயிஷி' என்றும் வாசிக்கலாம், 'ஹிசைஷி' என்றும் வாசிக்கலாம். முதல் வாசிப்பு குவின்சியை நினைவூட்டும். வழக்கில் நின்றது இரண்டாவது. ஜோன்ஸ் 'ஜோ' ஆயிற்று. ஓர் எழுத்துக்குப் பல வாசிப்புகள் இருக்கும் மொழியில் மட்டுமே சாத்தியமாகும் சொல்விளையாட்டு இது.

அவர் இசையமைத்த 2001ஆம் ஆண்டுப் படத்தின் கதையும் இதே கணக்கில்தான் சுழல்கிறது. உலகம் 'ஸ்பிரிட்டட் அவே' என்று அறிந்த அப்படத்தில், சூனியக்காரி யுபாபா சிறுமி சிஹிரோவின் பெயரிலிருந்து எழுத்துகளைப் பறித்துக்கொள்கிறாள். எஞ்சும் ஓர் எழுத்து 'சென்' என்று வாசிக்கப்படுகிறது. 'சிஹிரோ'வின் முதலெழுத்தும் 'சென்'னும் ஒரே வரிவடிவம், ஒலி வேறு. பெயரைத் திருடுவதென்பது அங்கே உருவகமன்று, எழுத்துமுறையின் நேரடிச் செயல். சப்டைட்டிலை மட்டும் நம்புபவருக்கு இது ஏதோ மாயாஜாலமாகவே தெரியும். இந்தப் படத்தின் இசையை 'மொழி கடந்தது' என்று எழுதுபவர், படத்தின் மையமே எழுத்து என்பதை அறியாமலே எழுதுகிறார்.

பிறவி மேதை, உள்ளத்திலிருந்து ஊறும் இசை என்ற வருணனைகளும் பொதுமொழிக் கொள்கையின் உடன்பிறப்புகள். உண்மையில் அவர் கற்றவர். நான்கு வயதில் வயலின். 1969 முதல் குனிதாச்சி இசைக் கல்லூரியில் இசையமைப்புப் படிப்பு. அங்கே டெரி ரைலி, ஸ்டீவ் ரைக், ஃபிலிப் கிளாஸ் ஆகியோரின் மினிமலிச இசையின்பால் ஈடுபாடு. சிறு இசைத்துணுக்கு ஒன்றைத் திரும்பத் திரும்ப ஒலிக்கச் செய்து, கேட்பவர் அறியாமலே அதை நகர்த்தும் முறை அது. 1981இல் அவர் தாளக்கருவிக் குழு ஒன்றுக்காக 'ம்க்வாஜு' என்ற இசைத்தட்டை உருவாக்கினார். ம்க்வாஜு என்பது சுவாஹிலி மொழியில் புளியமரம். அமெரிக்க நுட்பம், கிழக்காப்பிரிக்கப் பெயர், ஜப்பானியக் கலைஞர்கள். மியாசாகியைச் சந்திக்கும் முன்பே அவர் பல இசைவழக்குகளுக்கு இடையே போய்வரத் தெரிந்தவராக இருந்தார். பன்மொழி அறிந்த ஒருவரைப் பார்த்து, 'மொழியே இல்லாதவர்' என்று புகழ்வது எத்தகைய புகழ்ச்சி?

இனி வலுவான எதிர்வாதத்தை நேர்கொள்ள வேண்டும். இசையில் எல்லா மனிதருக்கும் பொதுவான கூறுகள் உண்டென ஆய்வுகள் காட்டவில்லையா? காட்டியுள்ளன. 2009இல் தாமஸ் ஃப்ரிட்ஸும் உடனாய்வாளர்களும் வெளியிட்ட ஆய்வில், மேற்கத்திய இசையைக் கேட்டறியாத காமரூனின் மாஃபா மக்கள், அவ்விசையில் மகிழ்ச்சி, துயரம், அச்சம் ஆகியவற்றைத் தற்செயல் அளவைக் காட்டிலும் கூடுதலாக இனங்கண்டனர். 2016இல் ஜோஷ் மெக்டெர்மட் குழுவினர் பொலிவியாவின் சிமானே மக்களிடையே நடத்திய ஆய்வோ வேறொன்றைக் காட்டிற்று. மேற்கத்தியச் செவிக்கு இனிய சுரச்சேர்க்கையும் உறுத்தும் சுரச்சேர்க்கையும் அவர்களுக்கு ஒரே அளவு இனிமையாக இருந்தன. சில கூறுகள் பொது. சில கூறுகள் பழக்கம். இதில் முரண்பாடு ஏதுமில்லை.

பிழை எங்கே நேர்கிறதென்றால், 'பொதுக்கூறுகள் உண்டு' என்பதிலிருந்து 'பொதுமொழி உண்டு' என்பதற்குத் தாவும்போது. எல்லா மனிதப் பேச்சுமொழிகளிலும் உயிரொலிகளும் மெய்யொலிகளும் இருக்கின்றன. அதனால் பேச்சு ஒரு பொதுமொழி என்று எவரும் சொல்வதில்லை. தமிழிலும் ஜப்பானியத்திலும் அ, இ, உ, எ, ஒ என்னும் ஐந்து அடிப்படை உயிர்கள் உண்டு; இரண்டிலும் குறில் நெடில் வேறுபாடு பொருளை மாற்றும். இந்த ஒற்றுமையை நம்பித் தோக்கியோவில் இறங்கும் தமிழர் ஒரு கோப்பைத் தேநீர்கூடக் கேட்டு வாங்க முடியாது. ஒலியன்களின் பட்டியல் வேறு, மொழி வேறு.

இசையிலும் அப்படியே. நான்காம் சுரமும் ஏழாம் சுரமும் நீங்கிய ஐந்து சுர அமைப்பை ஜப்பானியர் 'யொனாநுகி' என்பர். நான்கும் ஏழும் நீக்கியது என்பதே அச்சொல்லின் பொருள். அதன் பெரும வகையின் சுரங்கள் மோகன ராகத்தின் சுரங்களே. மேஜி அரசின் காலத்தில், 1880களில் பள்ளிகளுக்கெனத் தொகுக்கப்பட்ட பாடல் நூல்கள் வழியாக இவ்வமைப்பு ஜப்பானியச் செவிகளில் வேரூன்றியது. அத்தொகுப்பில் ஸ்காட்லாந்தின் நாட்டார் மெட்டு ஒன்று ஜப்பானியச் சொற்களோடு இடம்பெற்றது. ஆங்கிலம் பேசும் நாடுகளில் புத்தாண்டு நள்ளிரவில் பாடப்படும் அந்த மெட்டு, ஜப்பானில் பள்ளிப் படிப்பு முடிந்து பிரியும் நாளின் பாடலாயிற்று. அதன் வால்ட்ஸ் வடிவத்தைக் கடைகள் மூடும் நேர அறிவிப்பாகவும் ஒலிக்க விடுகிறார்கள். கர்நாடக இசையில் பழகிய செவி அதே சுரங்களில் மோகனத்தைக் கேட்கும். ஒருவருக்குப் புத்தாண்டு, ஒருவருக்குப் பள்ளிப் பிரிவு, ஒருவருக்குக் கச்சேரி. மெட்டுக்கும் அதன் பொருளுக்கும் உள்ள உறவு இடுகுறி என்பதற்கு இதைவிடத் தெளிவான எடுத்துக்காட்டு வேண்டுமா? 1950இல் பிறந்த ஒரு ஜப்பானியக் குழந்தை பள்ளியில் கேட்டு வளர்ந்தது இந்த வரலாற்றை. அந்த வரலாறு தெரியாமல் ஹிசைஷியின் மெட்டில் 'ஏக்கம்' இருப்பதாக எழுதுபவர், தம் ஏக்கத்தைத்தான் எழுதிக்கொண்டிருக்கிறார்.

தகஹாத்தா இயக்கி 2013 நவம்பரில் வெளிவந்த 'இளவரசி காகுயாவின் கதை' இந்த விவாதத்தை முடித்துவைக்கத்தக்க படம். அதன் இசைக்காக இயக்குநர் விதித்த தடைகளை ஹிசைஷி நேர்காணல்களில் கூறியுள்ளார்: பாத்திரங்களின் உணர்வை வெளிப்படுத்தக் கூடாது, சூழலை ஒட்டிச் செல்லக் கூடாது, பார்ப்பவரின் உணர்ச்சியைத் தூண்டக் கூடாது. திரையிசை என்றால் எவையெல்லாம் என்று பாடநூல்கள் கற்பிக்கின்றனவோ அவையனைத்தும் விலக்கப்பட்டன. இறுதியில் நிலவுலகத்தார் காகுயாவை அழைத்துச் செல்ல மேகத்தின்மேல் வருகிறார்கள். வளர்த்த தாயும் தந்தையும் கதறும் அக்காட்சியில் ஒலிப்பது துள்ளலான, ஆடத் தூண்டும் இசை.

'துயரக் காட்சியில் மகிழ்ச்சியான இசை. முரண் உத்தி' என்று ஆய்வேடுகள் இதைக் கடந்துபோகின்றன. அந்த ஊர்வலத்தின் வடிவம் ஜப்பானியப் பௌத்த ஓவிய மரபில் நூற்றாண்டுகளாக இருப்பது. இறப்பவரை எதிர்கொண்டு அழைத்துச் செல்ல அமிதாப புத்தர் மேகத்தில் இறங்கி வருவதையும், உடன்வரும் போதிசத்துவர்கள் இசைக்கருவிகளை வாசிப்பதையும் தீட்டிய ஓவியங்கள் 'ராய்கோ' எனப்படும். அம்மரபை அறிந்தவருக்கு அந்த இசை புதிரல்ல. நிலவிலிருந்து வருவோர்க்குத் துயரம் என்பதே தெரியாது. அவர்களுக்கு இது திருவிழா. மண்ணில் அழுபவர்களின் துயரம் அந்த மகிழ்ச்சியால் ஒரு துளியும் தொடப்படவில்லை என்பதில்தான் காட்சியின் கொடுமை இருக்கிறது. இந்தப் பொருளைச் செவி மட்டும் கொண்டு எட்ட முடியாது. படிக்க வேண்டும்.

தகேஷி கிடானோவின் 1991ஆம் ஆண்டுப் படம் ஒன்றைப் பொதுமொழிக் கொள்கையினர் விரும்பி மேற்கோள் காட்டுவதுண்டு. அதன் ஜப்பானியத் தலைப்பின் பொருள் 'அந்தக் கோடை, மிக அமைதியான கடல்'. கதைத்தலைவனும் காதலியும் செவித்திறன் அற்றவர்கள். 'அவர்கள் பேசாததை ஹிசைஷியின் இசை பேசுகிறது' என்பது வழக்கமான விளக்கம். அவர்கள் பேசாதவர்கள் அல்லர். அவர்களுக்கெனக் கைமொழி உண்டு, அதற்கு இலக்கணமும் உண்டு. அந்த இசையைப் படத்தில் கேட்க முடியாத இருவரும் அவர்களே. பார்வையாளருக்கு மட்டும் எட்டும் ஒன்றை அவர்களுடைய குரல் என்று சொல்வது, செவித்திறன் அற்றோரிடமிருந்து அவர்களின் மொழியைப் பறிப்பதாகும். மொழியியல் படித்தவர்களே இதைச் செய்வதுதான் வேதனை.

சிறு பிழைகளும் இக்கொள்கையின் நிழலில் பெருகுகின்றன. 'ஸ்பிரிட்டட் அவே' முடியும்போது வரும் பாடலை ஹிசைஷியின் ஆகச்சிறந்த படைப்பென்று எழுதுகிறார்கள். அதற்கு மெட்டமைத்துப் பாடியவர் யூமி கிமுரா, சொற்கள் வகாகோ காகுவுடையவை. 'காகுயா' படத்தில் குழந்தைகள் பாடும் பாடலின் மெட்டு தகஹாத்தாவினுடையது. 'டொடோரோ'வின் தொடக்கப் பாடலுக்கு ஹிசைஷி மெட்டமைத்தார்; ஆனால் சொற்களை எழுதியவர் குழந்தை எழுத்தாளர் ரியேகோ நாகாகாவா. படத்தின் பெயர்ப்பட்டியலிலேயே இருக்கும் செய்திகள் இவை. பட்டியலை வாசிக்கத் தெரியாததன் விலையைக் கிமுராவும் காகுவும் நாகாகாவாவும் செலுத்துகிறார்கள். மூவரும் பெண்கள் என்பதைப் பெண்ணிய ஆய்வு செய்வோர் கவனிக்கலாம்.

இத்தனையும் சொன்ன பிறகு ஒரு கேள்வி எழும்: ஜப்பானியம் தெரியாதவர் ஹிசைஷியைக் கேட்டு மகிழக் கூடாதா? தாராளமாக மகிழலாம், அழலாம். கேட்போரின் உரிமையில் எவரும் கைவைக்கவில்லை. கேட்பது வேறு, அறிவுரிமை கோருவது வேறு. முனைவர் பட்டம் என்பது இரண்டாவதற்கு வழங்கப்படுவது.

இதன் இழப்பு கற்பனையானதன்று. மொழி கற்க ஓராண்டு வேண்டும் என்று கேட்கும் ஆய்வு மாணவரிடம், 'இசைக்கு எதற்கு மொழி, ஆங்கிலத்தில் வேண்டிய மட்டும் நூல்கள் இருக்கின்றனவே' என்று ஆய்வுக் குழு சொல்லும்போது, அம்மாணவர் ஐந்தாண்டுகள் மற்றவர் எழுதியதைத் திருப்பி எழுதக் கடமைப்படுகிறார். ஹிசைஷியின் நேர்காணல்களும் அவர் எழுதிய நூல்களும் பெரும்பகுதி ஜப்பானியத்திலேயே இருக்கின்றன. ஆங்கிலத்தில் வந்த சில துளிகளைச் சுற்றியே ஆய்வேடுகள் வட்டமிடுகின்றன. ஒன்றை ஒன்று மேற்கோள் காட்டிக்கொள்கின்றன. இதே தர்க்கத்தை நாளை வேறொருவர் இந்திய மொழிகளின் இசைமீது செலுத்துவார். தமிழோ வங்காளமோ அறியாமல் அம்மொழிகளின் திரையிசையைப் பற்றி அயல்நாட்டவர் எழுதினால் கொதிப்பவர்கள், அதே காரியத்தை ஜப்பானுக்குச் செய்ய எந்த நியாயமும் இல்லை.

வசதி இல்லை என்றும் சொல்ல முடியாது. தில்லிப் பல்கலைக்கழகத்திலும் ஜவாஹர்லால் நேரு பல்கலைக்கழகத்திலும் சாந்திநிகேதனின் விசுவபாரதியிலும் ஹைதராபாத்தின் ஆங்கில, அயல்மொழிப் பல்கலைக்கழகத்திலும் ஜப்பானியம் கற்பிக்கப்படுகிறது. திரைப்பட ஆய்வுத் துறைகளும் இசைத் துறைகளும் அவற்றோடு கைகோக்க எந்தச் சட்டமும் தடையாக இல்லை.

செய்ய வேண்டியவை எளியவை. அயல்நாட்டுத் திரையிசையை ஆய்வுப்பொருளாக ஏற்கும் துறை, அந்நாட்டு மொழியில் வாசிக்கும் திறனை முன்மொழிவிலேயே கேட்க வேண்டும். இல்லாதவருக்கு அதைக் கற்கும் காலத்தை ஆய்வுக் காலத்திற்குள் ஒதுக்கித் தர வேண்டும். எந்தப் பதிப்பு, எந்த ஆண்டு, எந்த ஒலித்தடம் என்பதை ஆய்வேடு தெரிவிக்க வேண்டும். வாய்மொழித் தேர்வில் எவரேனும் 'இசைக்கு மொழி கிடையாது' என்று சொன்னால், தேர்வாளர் தலையசைக்காமல் ஒரே ஒரு கேள்வி கேட்டால் போதும்: அப்படியானால் 1999இல் 'லபூட்டா'வின் இசை ஏன் மீண்டும் எழுதப்பட்டது?